கதவில் என்ன படம் வரைவது

ஒரு நாள் காலையில் எங்கள் கம்பெனி எச்.ஆர். சார் என் மேசைக்கு எதிரே வந்து நின்று, என்னைப் பார்த்துக்கொண்டே விரல்களை மடக்கினார்.

நான் வேலை செய்வது கார்களுக்கு வயர் கட்டித் தருகிற கம்பெனியில். ஆந்திராவில் சத்தியவேடு ஊரைத் தாண்டி, வயல் முடிந்து நீலக் கூரைகள் தொடங்குகிற இடத்தில் இருக்கிறது. சிவப்பு, மஞ்சள், கறுப்பு என்று வயர்களைப் பலகைமேல் இழுத்து, வளைத்து, டேப் சுற்றி அனுப்ப வேண்டும். மற்றவர்கள் நின்றுகொண்டு செய்வார்கள். எனக்குச் சின்ன வயதில் போலியோ வந்து இடது கால் சூம்பிவிட்டது. அந்தக் காலில் இரும்புக் கேலிப்பர், கக்கத்தில் ஒரு கட்டை. அதனால் எனக்கு மட்டும் உயரமான ஸ்டூல் போட்டுக் கொடுத்திருந்தார்கள். அதில் உட்கார்ந்தால் லைன் முழுவதும் தெரியும். சூபர்வைசரைவிட எனக்குத்தான் எல்லாம் தெரியும் என்று கேலி செய்வார்கள்.

சார் திருப்பதிக்காரர். தெலுங்கில் ஆரம்பித்துத் தமிழில் முடிப்பார், சில நாள் அது தலைகீழாகவும் நடக்கும்.

“நீங்க கமிட்டில உண்டாலி அம்மா, இருக்கணும்,” என்றார்.

“இன்னா கமிட்டி சார்?”

“இன்க்ளூஷன் கமிட்டி. எல்லாரையும் சேத்துக்கிற கமிட்டி. வெளிநாட்டு கஸ்டமர் வர்றாங்க, அவங்க கேப்பாங்க.” மறுபடியும் விரல்களை மடக்கினார். “லேடீஸ்ல ஒருத்தர் வேணும். திவ்யாங்க்ல, அதான் ஊனமுற்றவங்கள்ல ஒருத்தர். தமிழ் மாட்லாடேவாள்ளு, தமிழ் பேசறவங்க ஒருத்தர்.” நாலாவது விரலை மடக்கும்போது குரல் தானாகத் தணிந்தது. “எஸ்.சி.ல ஒருத்தர்.” மடக்கிய விரல்களையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். “நாலும் நீங்களே.”

“அப்போ எனக்கு நாலு சேர் போடுவீங்களா சார்?”

ஒரு நிமிஷம் யோசித்துவிட்டுத்தான் சிரித்தார். நல்ல மனுஷன். நாலு பேரைத் தேடி அலையாமல் ஒரே ஆளில் வேலை முடிந்த நிம்மதி அவர் நடையிலேயே தெரிந்தது.

வீட்டுக்குப் போய் நைனாவிடம் சொன்னேன். மாட்டுக்குச் சோளத்தட்டு நறுக்கிக்கொண்டிருந்தவர் நிமிராமலே கேட்டார். “நாலு பேர் வேலைய ஒருத்தி செய்யணும்னா, நாலு டீயாவது குடுப்பானா?”

எனக்கு அந்த விரல் மடக்கல் சிரிப்பாக இருந்தாலும், உள்ளுக்குள் கொஞ்சம் சந்தோஷமாகவும் இருந்தது. அதுவரை என்னை யாரும் மொத்தமாகக் கூப்பிட்டதில்லை. திருப்பதியில் ஊனமுற்றவர்கள் சங்கம் ஒன்று இருக்கிறது என்று கேள்விப்பட்டு ஒரு தடவை போனேன். எல்லாரும் ஆண்கள். மனசார வரவேற்றார்கள். முதல் வேலையாக டீ கிளாஸ்களை என் பக்கம் தள்ளி, எல்லாருக்கும் கொடுக்கச் சொன்னார்கள். கட்டையைப் பிடித்தபடி டீ கொடுப்பது எப்படி என்று அவர்களுக்குத் தெரியாதா என்ன? அவர்களிலும் பாதிப் பேர் கட்டை ஊன்றுகிறவர்கள்தான். மூணு சக்கர ஸ்கூட்டி, பென்ஷன், கல்யாண உதவி என்று பேச்சு போனது. லேடீஸ் பாத்ரூம் எங்கே என்று நான் கேட்டதும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரு அண்ணன் ரொம்ப அன்பாக, ரோட்டுக்கு அந்தப் பக்கம் இருக்கிற ஓட்டலைக் காட்டினார். மலைக்குப் போகிற பஸ்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டிருந்த ரோடு அது.

எங்கள் ஊர் மகளிர் குழு, மாடியில் கூடும். கூட்டம் முடிந்து இறங்கி வரும்போது படிக்கட்டின் கீழே நிற்கிற எனக்கு, மேலே என்ன முடிவானது என்று அன்பாகச் சொல்லிவிட்டுப் போவார்கள். ஊர்த் திருவிழாவிலோ மாடிப்படி எதுவும் கிடையாது. ஆனால் அம்மன் தேர் எங்கள் காலனித் தெருவுக்குள் வராது. அங்கே என் காலை யாரும் கவனிப்பதில்லை, என் தெருவைத்தான் கவனிப்பார்கள்.

கம்பெனியில் என் பிரச்சினை வேறு. அது கக்கூஸ்.

பெண்கள் கழிப்பறைக்குப் படி ஏறிப் போக வேண்டும். உள்ளே எல்லாம் குந்தி உட்காருகிற வகை. கேலிப்பர் போட்ட கால் மடங்காது. ஊனமுற்றோருக்கென்று மேல்நாட்டு வகையில், கைப்பிடியெல்லாம் வைத்து, ஒன்று அருமையாகக் கட்டியிருந்தார்கள். ஆனால் அது ஆண்கள் கழிப்பறைக்குள்ளே இருந்தது. வரிசையாக ஆண்கள் நிற்பார்கள், அவர்களைத் தாண்டிப் போனால் கடைசியில் அந்தக் கதவு. கட்டினவருக்கு ஊனமுற்றவர் என்றால் ஒரு ஆள்தான் மனசில் வந்திருக்கிறார், அவருக்கு மீசை இருந்திருக்கிறது.

அதனால் நான் காலையில் பஸ் ஏறினால் சாயந்திரம் இறங்கும் வரை தண்ணீர் குடிக்க மாட்டேன். முடியவே முடியாத நாட்களில் பக்கத்து மேசைப் பெண் துணைக்கு வருவாள். ஊத்துக்கோட்டையிலிருந்து தினமும் வந்து போகிறவள், அப்போது முழுகாமல் இருந்தாள். என்னைப் படி ஏற்றிவிட்டு, கட்டையை வாங்கிக்கொண்டு கதவுக்கு வெளியே காவல் நிற்பாள். உள்ளே நான் சுவரைப் பிடித்துக்கொண்டு பட்ட பாட்டைச் சொன்னால் சர்க்கஸ்காரர்கள் வந்து என்னைக் கூட்டிக்கொண்டு போய்விடுவார்கள். நீர்க்கடுப்பு வந்து டாக்டரிடம் போனபோது, நிறையத் தண்ணி குடிக்கணும் என்றார். குடிக்கிறேன் சார், நீங்க வந்து கக்கூஸை இந்தப் பக்கம் நகத்தி வைங்க என்றேன். அவருக்கு ஒன்றும் புரியவில்லை.

முதல் கமிட்டிக் கூட்டம் முதல் மாடியில் வைத்திருந்தார்கள். எல்லாரையும் சேர்த்துக்கொள்கிற கமிட்டி, ஆட்கள் ஏறுகிற லிப்ட் இல்லாத மாடியில். செக்யூரிட்டி யோசித்து என்னைச் சரக்கு லிப்டில் ஏற்றினார். உள்ளே அட்டைப் பெட்டிகள் அடுக்கியிருந்தன. பெட்டிகளுக்கு நடுவே ஏற்கெனவே ஒருத்தர் நின்றிருந்தார். பேக்கிங் செக்ஷனில் வேலை செய்கிற திருநங்கை அக்கா. நல்ல உயரம், கண்ணில் மை, தலையில் கம்பெனி கொடுத்த வலைத் தொப்பி. புத்தூரிலிருந்து வருகிறவர். எங்கள் பஸ்ஸின் பின் சீட்டில் பார்த்திருக்கிறேன், பேசினதில்லை.

“இன்னாம்மே, உன்னையும் பெட்டியோட ஏத்திட்டாங்களா?” என்றார்.

“நீங்க ஏங்கா இதுல வர்றீங்க? உங்களுக்குக் கால் நல்லாதானே கீது?”

“மாடிப்படில போனா மேலயும் கீழயும் நின்னு பாக்கறானுங்க. பெட்டிங்க பாக்கறதில்ல.”

லிப்ட் மெதுவாக ஏறியது. சுவரில் ஒட்டியிருந்த தெலுங்கு எழுத்தை அக்கா விரல் வைத்துப் படித்தார். “இதுல மனுஷங்க ஏறக் கூடாதுன்னு எழுதிகீது.”

“அப்போ நாம இன்னாக்கா?”

“கமிட்டி மெம்பருங்க.”

லிப்ட் நின்று கதவு திறந்தபோது இருவரும் சிரித்துக்கொண்டிருந்தோம். அங்கே எங்களை வரவேற்க நின்ற சாருக்கு என்ன விஷயம் என்று கடைசிவரை தெரியாது.

அந்தச் சின்னப் பயணத்திலேயே அக்காவின் கக்கூஸ் கதையும் கேட்டுவிட்டேன். “ஜென்ட்ஸ்ல போனா அவனுங்க பாக்கற பார்வை சகிக்கல. லேடீஸ்ல போனா, உள்ள கீறவங்க எல்லாம் வெளிய வந்துடறாங்க. கேட்டாண்ட வாட்ச்மேன் ரூமுக்குத்தான் போய்க்கினு வந்துக்கினு கீறேன். அவ்ளோ தூரம் போய் வந்தா, பிரேக் முடிஞ்சிடுச்சுன்னு சூபர்வைசர் முறைக்கிறாரு.”

கூட்டத்தில் சமோசா, டீ. பேட்ஜ் என்ன நிறம், போஸ்டரில் என்ன வாசகம் என்று பேசினார்கள். லைன் லீடர்கள் சார்பில் ஒரு மேடம் உட்கார்ந்திருந்தார். நகரிப் பக்கத்துக்காரர், கண்டிப்பானவர், தன் லைன் பெண்களுக்கு ஒன்று என்றால் மேனேஜரையே எதிர்த்துப் பேசுகிறவர். கடைசியில் சார், “சஜஷன்ஸ் ஏமன்னா உண்டா?” என்று கேட்டார்.

“பாத்ரூம்,” என்றார் அக்கா.

சமோசாவைக் கடித்தவர்கள் மெல்லுவதை நிறுத்தினார்கள்.

நானும் சொன்னேன். ஊனமுற்றவர் கழிப்பறை ஆண்களுக்குள்ளே இருப்பதைச் சொன்னபோது சாரின் முகம் மாறியது. “நான் டெய்லி அதைத் தாண்டித்தான் போறேன். யாரும் யூஸ் பண்ணலன்னு அதுல மாப்பு, பினாயில் எல்லாம் வெக்கச் சொன்னதே நான்தான்,” என்றார். குறை கண்டுபிடிக்க எங்களை விடாமல் தானே சொல்லிவிட்டதில் எனக்கு அவர்மேல் மரியாதை வந்தது.

மேடம்தான் பேச்சை நேராகக் கொண்டுவந்தார். “நான் யாரையும் தப்பா சொல்லல. ஆனா எங்க பொண்ணுங்க சின்னப் பொண்ணுங்க. லேடீஸ் பாத்ரூம்ல இவங்களும் வந்தா, நாளைக்கு அதுங்க வீட்ல கேட்டா நான் இன்னா பதில் சொல்றது?”

அக்கா கையிலிருந்த கிளாஸைக் கீழே வைத்தார். “உங்க கதவை நான் கேக்கலயே மேடம். ஏதோ ஒரு கதவு, அவ்ளோதான் கேக்கறேன்.”

சாருக்கு உற்சாகம் வந்துவிட்டது. எழுந்துபோய் வெள்ளைப் பலகையில் கட்டம் போட்டார். ஒரு கட்டம் ஊனமுற்ற பெண்களுக்கு. ஒரு கட்டம் திருநங்கைகளுக்கு. யாரோ, கர்ப்பமா இருக்கிறவங்களுக்கு, என்றார்கள். இன்னொரு கட்டம். முழங்கால் வலி உள்ள பெரியவர்களுக்கு என்றதும் அதற்கும் ஒன்று. பலகை நிரம்பியது. கம்பெனி முழுக்கக் கக்கூஸ்தான் இருக்கும், வயர் கட்ட இடம் இருக்காது என்று எனக்குத் தோன்றியது. சார் என் பக்கம் திரும்பி, “மீகு, உங்களுக்கு எது? இதுவா, இதுவா?” என்று ஒவ்வொரு கட்டமாகத் தொட்டுக் காட்டினார்.

கூட்டத்தில் பேசிப் பழக்கமில்லை. ஆனால் வாய் தானாகப் பேசியது.

“சார், எங்க ஊர்ல எங்களுக்குத் தனிக் குழாய் கீது, தனிச் சுடுகாடு கீது. தனியா கட்டிக் குடுத்தது எங்ககிட்ட நெறைய கீது. கக்கூஸாவது பொதுவா இருக்கட்டும் சார்.”

மேடம் மேசையைப் பார்த்தார். சார் கையில் பேனா அப்படியே நின்றது. சொல்லியிருக்கக் கூடாதோ என்று நான் பயந்துபோனேன். அந்தக் கம்பெனியில் அந்த விஷயத்தை நான் வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை.

“எனக்கும் அதேதான்,” என்றார் அக்கா, சாதாரணமாக, டீக்குச் சர்க்கரை கேட்பதுபோல.

“பொதுன்னா யார் வேணா போலாமா? மகவாள்ளு கூடவா?” சாருக்குச் சந்தேகம்.

“ஆம்பளைங்களும் போவட்டும் சார். ஒரே ரூம்தானே, உள்ள தாழ்ப்பாள் போட்டுக்கலாம். உங்க வீட்ல லேடீஸுக்கு ஒண்ணு, ஜென்ட்ஸுக்கு ஒண்ணா கட்டிகீறீங்க?” என்றார் அக்கா.

சார் கொஞ்ச நேரம் தன் வீட்டை நினைத்துப் பார்த்தார் என்று நினைக்கிறேன். பிறகு துணியை எடுத்துக் கட்டங்களை எல்லாம் அழித்தார். மாப்பு வைத்திருந்த அதே அறைக்கு வெளிப்பக்கச் சுவரில் புதுசாகக் கதவு வைப்பது, ஆண்கள் பக்கத்துக் கதவைச் செங்கல் வைத்து மூடுவது, வாசலில் சரிவுப் பாதை போடுவது என்று முடிவானது. மேடம் சம்மதம் என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. கூட்டம் முடிந்ததும் விறுவிறுவென்று படி இறங்கிப் போய்விட்டார்.

தடாவிலிருந்து ஒரு மேஸ்திரி வந்தார். வேலை மளமளவென்று நடந்தது. கதவு நல்ல அகலம். சரிவுப் பாதையை மட்டும் இடத்தை மிச்சம் பிடிக்க நினைத்துச் செங்குத்தாகப் போட்டுவிட்டார். நான் கட்டையை வைத்துப் பார்த்துவிட்டு, இதில் ஏறினால் நேராகத் திருப்பதி மலைக்கே போய்விடலாம் என்றேன். மேஸ்திரிக்குக் கோபம். எல்லா இடத்திலும் இப்படித்தான் போடுகிறார்கள் என்று சாதித்தார்.

“சாரை ஏறச் சொல்லுங்க. அவர் ஏறிட்டா நாங்க ஒத்துக்கறோம்,” என்றார் அக்கா.

முதலுதவி அறையில் ஒரு சக்கர நாற்காலி இருந்தது. வாங்கின நாளிலிருந்து யாரும் உட்காராததால் பிளாஸ்டிக் உறைகூடப் பிரிக்கவில்லை. சார் ஷூவைத் துடைத்துக்கொண்டு அதில் உட்கார்ந்தார். சக்கரத்தைத் தள்ளினார். பாதி தூரம் வீரமாக ஏறினார். அப்புறம் நாற்காலி ஒரு நொடி யோசித்தது. பின்னோக்கி உருண்டு வந்து, வாசலில் வரிசையாக வைத்திருந்த குரோட்டன்ஸ் தொட்டிகளுக்குள் சாரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது.

எச்.ஆர். ஆளைப் பார்த்துச் சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் எல்லாரும் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றோம். இலைகளுக்கு நடுவிலிருந்து அவர் குரல் வந்தது. “மேஸ்திரி, ஸ்லோப் எக்குவைந்தி.” சரிவு அதிகம் என்பதை அதற்குமேல் யாரும் அவருக்கு விளக்க வேண்டியிருக்கவில்லை. மேஸ்திரி மறுநாளே இடித்துவிட்டு நீளமாகப் போட்டார்.

அடுத்த தகராறு கதவில் வரைகிற படம். பெயின்டர் தூரிகையோடு நின்றுகொண்டு, “ஆம்பளையா, பொம்பளையா?” என்று கேட்டார். ரெண்டும் வேண்டாம் என்றோம். அவர் தன் இஷ்டத்துக்குச் சக்கர நாற்காலி ஒன்றை வரைந்தார். அது மாட்டு வண்டியில் யாரோ சந்தைக்குப் போவதுபோல இருந்தது. ஒரு பக்கம் பேன்ட், ஒரு பக்கம் பாவாடை போட்டு ஒரே ஆளாக வரையலாமா என்றார் சார். “பாதி பாதியா வரைஞ்சு என்னை அசிங்கப்படுத்தாதீங்க சார், நான் முழுசா ஒரு பொம்பள,” என்றார் அக்கா. சிரித்துக்கொண்டேதான் சொன்னார், ஆனால் சார் உடனே மன்னிப்புக் கேட்டார். நான் ஒரு கட்டையை வரையச் சொன்னேன். அது கிரிக்கெட் ஸ்டம்ப் போல இருக்கிறது என்று தள்ளிவிட்டார்கள்.

சாப்பாட்டு நேரம். ஊத்துக்கோட்டைப் பெண் டிபன் பாக்ஸைத் திறந்து வைத்துத் தின்றுகொண்டே எங்கள் விவாதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வயிறு நன்றாகத் தெரிய ஆரம்பித்திருந்தது.

“உள்ள கக்கூஸ்தானே கீது? கக்கூஸை வரைய வேண்டியதுதானே. உள்ள போறவங்களை எதுக்கு வரையறீங்க?” என்றாள்.

பெயின்டர் ஒரு கமோடு வரைந்தார். ரொம்ப அழகாக வந்தது. அவர் அதுவரை வரைந்த மனுஷர்கள் எல்லாரையும்விட உயிரோட்டமாக இருந்தது. அதன் கீழே தெலுங்கில் ‘அந்தரிகி’ என்று எழுதினார். பக்கத்தில் தமிழில் ‘எல்லாருக்கும்’ என்று எழுத வேண்டும். அவருக்குத் தமிழ் எழுத்து சரியாக வராது. நான் கையில் எழுதிக் காட்டியும், கடைசி எழுத்தின் புள்ளியை விட்டுவிட்டார். ‘எல்லாருக்கும’ என்று நின்றது. சரி செய்யலாம் என்று சொல்வதற்குள் பெயின்ட் காய்ந்துவிட்டது. தமிழ் தெரிந்தவர்கள் ரொம்ப நாள் அதைத்தான் சொல்லிச் சிரித்தார்கள். “நான் எல்லாருக்கும-வுக்குப் போய்க்கினு வரேன்” என்பது எங்கள் லைனில் ஒரு பேச்சாகவே ஆகிவிட்டது.

முதல் சில நாட்கள் நானும் அக்காவும் மட்டும்தான் போனோம். மற்றவர்கள் அந்தக் கதவைத் தாண்டும்போது வேறு பக்கம் பார்த்தபடி நடந்தார்கள். முதன்முதலாக நான் உள்ளே போய், தாழ்ப்பாளைப் போட்டு, கைப்பிடியைப் பிடித்து, அவசரமில்லாமல் உட்கார்ந்தேன். வெளியே யாரும் எனக்காகக் கட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்கவில்லை. அந்தத் தனிமை எவ்வளவு சுகமாக இருந்தது என்று சொன்னால் மற்றவர்களுக்குப் புரியுமா தெரியவில்லை. கொஞ்சம் அழுதேன். கதவைத் தட்டும் சத்தம் கேட்டது. “இன்னாம்மே, தூங்கிட்டியா?” என்றார் அக்கா.

அப்புறம் ஊத்துக்கோட்டைப் பெண் வந்தாள். மாசம் ஏற ஏற அவளால் படியும் ஏற முடியவில்லை, குந்தி உட்காரவும் முடியவில்லை. அவள் போய் வந்து லைனில் சொன்னாள். முழங்கால் வலிக்கிறவர்கள் வந்தார்கள். மாதவிடாய் நாட்களில் உள்ளேயே குழாயும் பேசினும் இருப்பது வசதி என்று சின்னப் பெண்கள் வந்தார்கள். வயிறு சரியில்லாத ஆண் ஒருவர் அங்குமிங்கும் பார்த்துவிட்டு உள்ளே நழுவினார். ஒரு மாசத்துக்குள் வாசலில் க்யூ நின்றது. இத்தனை சண்டை போட்டு வாங்கின கக்கூஸுக்கு நாங்களே வரிசையில் நிற்க வேண்டியதாயிற்று. கட்டை வைத்திருக்கிறவர்களும் வயிற்றுப் பிள்ளைக்காரிகளும் முதலில் போகலாம் என்று க்யூவே தனக்கு ஒரு சட்டம் போட்டுக்கொண்டது.

எல்லாரும் மாறிவிட்டார்கள் என்று சொல்ல மாட்டேன். அக்கா வந்து நின்றால் க்யூவை விட்டு விலகி, படி ஏறிப் போகிற பெண்கள் இன்னும் இருக்கிறார்கள். ஒரு தடவை எனக்குக் கோபம் வந்து அவர்களைக் கூப்பிடப் போனேன். அக்கா என் கையைப் பிடித்து நிறுத்தினார். “போவட்டும் விடு. நமக்கு க்யூ கொறையுதுல்ல,” என்றார். சிரிப்பதுபோல இருந்தாலும், அன்றைக்கு பஸ்ஸில் நான் இறங்கும்வரை அவர் ஒன்றும் பேசவில்லை.

ஒரு மதியம் மேடம் வந்தார். அவருக்கு இடுப்புவலி என்று பேசிக்கொண்டார்கள். அக்காவுக்குப் பின்னால்தான் அவருக்கு இடம். மேடம் கதவில் இருந்த கமோடு படத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். கடைசியில் அக்காதான், “நீங்க மொதல்ல போங்க மேடம், எனக்கு அவசரமில்ல,” என்று ஒதுங்கினார். மேடம் தயங்கினார். “வேணாம், நீ மொதல்ல வந்தே, நீயே போ,” என்றார். கொஞ்சம் அதட்டலாகத்தான் சொன்னார். ஆனால் தன் லைன் பெண்களையும் அவர் அப்படித்தான் அதட்டுவார்.

வெளிநாட்டு கஸ்டமர் வந்த நாளில் பேட்ஜ், போஸ்டர், பூச்செண்டு எல்லாம் இருந்தன. வந்தவர்களில் ஒரு வயசான அம்மா, நரைத்த முடி, கையில் நீளக் குடை. சார் எங்கள் கதவுக்கு முன்னால் அவரை நிறுத்தி ஆங்கிலத்தில் வெகுநேரம் விளக்கினார். நானும் அக்காவும் காட்சிப் பொருள் மாதிரி இரண்டு பக்கமும் நின்றோம். அந்த அம்மா எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு ஏதோ ஒன்று கேட்டார். சார் திகைத்தார். பிறகு வழிவிட்டார். அந்த அம்மா குடையை என் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டார்.

மேனேஜர்கள், இன்ஜினியர்கள், போட்டோகிராபர் எல்லாரும் ஒரு கக்கூஸ் கதவுக்கு எதிரே கை கட்டி அமைதியாக நின்றார்கள். தண்ணீர் ஊற்றுகிற சத்தம் கேட்டது. யாரும் யாரையும் பார்க்கவில்லை. அக்கா மட்டும் என் காதருகில், “போட்டோ எடுக்கச் சொல்லு, இப்போ எடுத்தாத்தான் நல்லாருக்கும்,” என்றார். வெளியே வந்த அம்மா கையைத் துடைத்துக்கொண்டே எங்கள் இருவரையும் பார்த்துத் தலையசைத்து, “குட்,” என்றார். அது எனக்கும் புரிந்தது.

இப்போது கமிட்டி மாடியில் கூடுவதில்லை. கேன்டீனில், கை கழுவுகிற இடத்துக்குப் பக்கத்து மேசையில் கூடுகிறது. ஊத்துக்கோட்டைப் பெண்ணும் பிள்ளை பெற்றுத் திரும்பி வந்து மெம்பராகிவிட்டாள். கம்பெனி பஸ்ஸின் முதல் படி ரொம்ப உயரம், அதற்கு ஒரு பலகை வேண்டும் என்பதுதான் இப்போதைய பேச்சு. டிரைவர் அண்ணன் முடியாது என்கிறார். பலகையை எடுத்து வைத்து, ஆள் ஏறினதும் மறுபடி எடுத்து உள்ளே போட்டால் நேரமாகிவிடுமாம். போன கூட்டத்துக்கு அவரையும் கூப்பிட்டிருந்தோம். அக்கா அவருக்கு ஒரு டீ வாங்கி வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தார்.

“அண்ணா, நேரமாவுதுன்னு சொல்றியே, பலகைய நான் எடுத்து வெக்கிறேன். உனக்கு இன்னா கஷ்டம் அதுல?”

“நீ லீவு போட்டா?”

“நான் போட்டா இவங்க வெப்பாங்க,” என்று அக்கா மேடத்தைக் கை காட்டினார். மேடம் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி, “யோசிச்சு சொல்றேன்,” என்றார்.